குதிரைவால் செடியின் கூம்பும் ஸ்போரும்

குதிரைவால் செடியில் பூ இல்லை, காய் இல்லை, விதையும் இல்லை. பச்சைத் தண்டின் நுனியில் ஓரிரு சென்டிமீட்டர் நீளத்தில் ஒரு கூம்பு. அது முதிர்ந்ததும் உதிரும் பச்சைத் தூள். இனப்பெருக்கத்துக்கென்று இந்தச் செடி வெளியே காட்டுவது அவ்வளவே. அந்தத் தூளின் ஒவ்வொரு துகளும் ஒரு ஸ்போர். ஒவ்வொரு ஸ்போரும் மெல்லிய பட்டைகளைத் தன் உடலைச் சுற்றிச் சுருட்டி வைத்திருக்கிறது. காற்று உலர்ந்தால் பட்டைகள் விரியும்; ஈரம் பட்டால் சுருளும். தசை இல்லை, நரம்பு இல்லை. காற்றின் ஈரப்பதம் ஏறி இறங்குவதை மட்டும் நம்பி ஸ்போர் தரையில் நகர்கிறது. சில வேளைகளில் எகிறிக் குதிக்கவும் செய்கிறது.

ஈக்விசிட்டம் என்ற ஒரே பேரினம்தான் இந்தக் குலத்தில் இன்று எஞ்சியிருக்கிறது. பல நாட்டு வல்லுநர்கள் சேர்ந்து 2016இல் வெளியிட்ட பெரணித் தாவர வகைப்பாடு அதில் 15 சிற்றினங்களை ஏற்றுக்கொண்டது. பாடநூல்கள் நெடுங்காலமாகக் குதிரைவால்களை ஸ்பீனாப்சிடா என்ற தனி வகுப்பில் வைத்து, பெரணிகளிலிருந்து விலக்கியே கற்பித்து வந்தன. 2001இல் கேத்லீன் பிரையரும் உடன் ஆய்வாளர்களும் நேச்சர் இதழில் வெளியிட்ட மரபணு ஆய்வு அந்தப் பிரிவினையைக் கலைத்தது. குதிரைவால்களும் பெரணிகளும் ஒரே கிளையைச் சேர்ந்தவை என்றும், விதைத் தாவரங்களுக்கு மிக நெருங்கிய உறவு அந்தக் கிளைதான் என்றும் அது காட்டியது.

தமிழ்நாட்டில் இயற்கையாக வளரும் குதிரைவால் ஈக்விசிட்டம் ராமோசிசிமம். அதன் நம் பகுதித் துணைச் சிற்றினத்துக்கு டெபிலி என்று பெயர். வில்லியம் ராக்ஸ்பர்க் இட்ட அந்தப் பெயரை, ஜெனீவாவைச் சேர்ந்த வொஷே குதிரைவால்களைப் பற்றி 1822இல் எழுதிய நூலில் முறைப்படி வெளியிட்டார். நீலகிரியிலும் பழனி மலையிலும் ஓடைக் கரைகளில், மணல் கலந்த ஈரத் தரையில் இது கூட்டமாக நிற்கும். ஊட்டிக்கும் கொடைக்கானலுக்கும் களப்பயணம் போகும் தாவரவியல் மாணவர்கள் தேடிப் பிடிக்கும் செடிகளில் இதுவும் ஒன்று. குதிரைவாலி என்ற சிறுதானியத்துக்கும் இதற்கும் உறவில்லை, அது புல்வகை.

சின்னசேலம் பக்கத்தில் இருப்பவர் நீலகிரி போகாமலே குதிரைவாலின் தோற்றத்தை ஓரளவு மனத்தில் கொண்டுவர முடியும். கடலூர், விழுப்புரம் பக்கம் எங்கும் தோப்பு தோப்பாக நிற்கும் சவுக்கு மரத்தின் ஊசி ஒன்றைக் கிள்ளி எடுத்தால் போதும். அது உண்மையில் இலை அல்ல, பச்சையான நுண்கிளை. இழுத்தால் கணுக்கணுவாகக் கழன்று வரும். ஒவ்வொரு கணுவிலும் பல்வரிசையாகச் சிறு செதில்கள் இருக்கும், அவைதான் இலைகள். குதிரைவாலின் தண்டும் இதே திட்டத்தில் அமைந்தது: வரிவரியாக மேடு பள்ளம், கணுவில் ஒட்டி இணைந்து உறையாகிவிட்ட சிற்றிலைகள், ஒளிச்சேர்க்கையை ஏற்றுக்கொண்ட பச்சைத் தண்டு. அதோடு நடுவில் குழலாகவும், மேல்தோலில் சிலிக்கா படிந்து சொரசொரப்பாகவும் இருக்கும். இந்தச் சாயலால்தான் சவுக்கின் அறிவியல் பெயரில் ஈக்விசிட்டிஃபோலியா என்ற அடைமொழி ஏறியது. ஆனால் சாயலோடு சரி. சவுக்கு பூக்கும் மரம். அதில் காய்க்கும் கட்டையான கூம்புக்குள் இருப்பவை விதை தாங்கிய கனிகள். குதிரைவாலின் கூம்பு முற்றிலும் வேறு பொருள்.

அந்தக் கூம்பின் நடுவில் ஓர் அச்சு ஓடுகிறது. அச்சைச் சுற்றி, வட்டத்துக்கு மேல் வட்டமாக, ஸ்போரகத்தாங்கிகள் அடுக்கப்பட்டிருக்கின்றன. ஒவ்வொரு தாங்கியும் அச்சுக்குச் செங்குத்தாக நீளும் ஒரு காம்பையும், காம்பின் முனையில் ஒரு தட்டையான தலையையும் கொண்டது. விரித்த குடையைப் படுக்கவைத்து, அதன் கைப்பிடியை அச்சில் செருகியதுபோல் இருக்கும். குடையின் உட்புற விளிம்பைச் சுற்றி 5 முதல் 10 வரையான நீள்பைகள் காம்புக்கு இணையாக, கூம்பின் அச்சை நோக்கி நீண்டிருக்கும். இவையே ஸ்போரகங்கள். இளம் கூம்பில் தலைகள் நெருக்கியடித்து வளர்கின்றன. ஒன்றையொன்று அழுத்துவதால் ஒவ்வொரு தலையும் அறுகோணமாகிறது. விளிம்போடு விளிம்பு பொருந்தி, இடைவெளியே இல்லாத கவசமாகிறது. உள்ளே பைகள் முதிரும் வரை மழையும் பூச்சியும் நுழைய வழியில்லை.

கூம்பு தொடங்கும் இடத்தில், கடைசி இலையுறைக்கும் முதல் தாங்கி வட்டத்துக்கும் நடுவே, ஒரு மெல்லிய வளையம் உண்டு. பார்ப்பதற்கு அது குறுகிப்போன இலையுறைபோல் இருக்கும். ஆனால் எப்போதாவது அதன் விளிம்பிலும் ஒன்றிரண்டு ஸ்போரகங்கள் தோன்றிவிடும். இலையா, தாங்கியா என்று செடியே முடிவு செய்யாத இடம் அது. தாங்கி என்பது என்ன உறுப்பு என்ற கேள்வியில் தாவரவியலாளர்கள் நூறாண்டுக்கும் மேல் வாதிட்டிருக்கிறார்கள். மாறிய இலை என்றார் சிலர். சிறுகிளை வளைந்து குறுகியதன் விளைவு என்றார் வேறு சிலர். இலையும் அல்ல, கிளையும் அல்ல, தொடக்கத்திலிருந்தே தனி உறுப்பு என்றவர்களும் உண்டு.

வாதம் நீண்டதற்குக் காரணம் தொல்லுயிர்ச் சான்றுகள். சுமார் 36 கோடி ஆண்டுகளுக்கு முன் தொடங்கி 30 கோடி ஆண்டுகளுக்கு முன் முடிந்த நிலக்கரிக் காலத்தில், குதிரைவால் குலத்தில் மரங்களே இருந்தன. ஐரோப்பிய, அமெரிக்க நிலக்கரிப் படுகைகளில் கிடைக்கும் காலமைட்டிஸ் 20 மீட்டருக்கும் மேல் உயர்ந்தது. அதன் கூம்புகளில் ஒன்றான காலமோஸ்டாக்கிஸில் ஒரு வட்டம் மலட்டுச் செதில்கள், அடுத்த வட்டம் தாங்கிகள் என மாறிமாறி அடுக்கு வருகிறது. ஒவ்வொரு தாங்கியிலும் நான்கே ஸ்போரகங்கள். பேலியோஸ்டாக்கிஸ் என்ற இன்னொரு கூம்பிலோ தாங்கிகள் செதில்களின் கக்கத்திலிருந்து சாய்வாக எழுகின்றன. இரண்டையும் வைத்துப் பார்த்தால், இன்றைய குதிரைவாலின் கூம்பு செதில்களை இழந்த கூம்பு என்று தோன்றும். ஆனால் இவற்றுக்கும் மூத்த ஆர்க்கியோகாலமைட்டிஸின் கூம்பில் செதில்களே இல்லை. அது இன்றைய கூம்பை ஒத்திருக்கிறது. ஆகவே வழித்தோன்றலை நேர்கோட்டில் வரைய முடியாது. காலமைட்டிஸ் வகைகளில் சில, பெரிய ஸ்போர், சிறிய ஸ்போர் என இரு அளவுகளில் உண்டாக்கும் நிலைக்கும் போயிருந்தன. இன்று பிழைத்திருப்பது எல்லா ஸ்போரும் ஒரே அளவான, எளிய வழியில் நின்ற கிளை.

இந்திய நிலக்கரியிலும் இந்தக் குலத்துக்குப் பங்கு உண்டு. ராணிகஞ்ச் போன்ற கோண்டுவானாப் படுகைகளில் குளோசாப்டெரிஸ் இலைகளோடு சைசோநியூரா, ஃபில்லோதீக்கா என்ற கணுத்தண்டுத் தாவரங்களின் பதிவுகள் கிடைக்கின்றன. நெய்வேலியின் பழுப்பு நிலக்கரியை இதோடு சேர்த்து எண்ணக்கூடாது. அது மிகப் பிந்தியது, பூக்கும் தாவரக் காடுகள் மட்கி உருவானது. இன்றைய பேரினத்தின் பழமைக்கு அர்ஜென்டினாவின் படகோனியாவிலிருந்து நல்ல சான்று ஒன்று உண்டு. அங்கே ஜுராசிக் கால வெந்நீர் ஊற்றுப் படிவுகளில் உள்கட்டமைப்பு சிதையாமல் கல்லான செடியொன்றுக்கு 2011இல் ஈக்விசிட்டம் தெர்மாலி என்று பெயரிட்டார்கள். அதை வெட்டிப் பார்த்தால் இன்றைய செடிக்கும் அதற்கும் வேறுபாடு தேட வேண்டியிருக்கிறது.

கூம்பு உருவாவது தண்டு நுனியில். நுனியில் இருக்கும் ஒற்றை வளர்செல் புதுக் கணுக்களைத் தருவதை நிறுத்துகிறது. அதன் கீழே வட்ட வட்டமாகச் சிறு புடைப்புகள் எழுகின்றன; ஒவ்வொன்றும் ஒரு தாங்கியின் தொடக்கம். புடைப்பின் ஓரங்களில் ஸ்போரகத்துக்கான தொடக்க செல்கள் முதலில் வெளிப்பார்வையாகத்தான் அமைகின்றன. பிறகு புடைப்பின் நடுப்பகுதி வேகமாக வளர்ந்து தட்டையாகப் பரவ, ஓரங்கள் உட்புறமாக மடிகின்றன. வெளியே பார்த்திருந்த ஸ்போரகங்கள் இவ்வாறு கூம்பின் அச்சை நோக்கித் திரும்பிவிடுகின்றன.

ஒவ்வொரு ஸ்போரகத்தின் உள்ளே நடப்பது செலவு மிகுந்த வேலை. தொடக்க செல் உள், வெளி என இரண்டாகப் பிரிகிறது. உட்செல்லிலிருந்து ஸ்போர் தரும் திசு பெருகுகிறது. வெளிச்செல்லும் அண்டைச் செல்களும் பல அடுக்குச் சுவரைக் கட்டுகின்றன. சுவரின் உள்ளடுக்கு ஊட்டத் திசு; பெயர் டபீட்டம். ஸ்போர்த் தாய்செல்கள் தயாராகும் நேரத்தில் டபீட்ட செல்களின் எல்லைகள் கரைந்து, எல்லாம் ஒரே கூழாகித் தாய்செல்களுக்கு இடையே பரவுகிறது. தாய்செல்களிலும் ஒரு பகுதி ஸ்போராக மாறாமல் அழிந்து, மற்றவற்றுக்கு உணவாகிறது. எஞ்சியவை குன்றல் பகுப்புக்கு உள்ளாகி, ஒவ்வொன்றும் நான்கு ஸ்போர்களைத் தருகின்றன. இந்தப் பகுப்பை நுண்ணோக்கியில் எண்ணுவது எளிதல்ல. பெரணித் தாவரங்களின் செல்லியலை ஆராய்ந்த ஐரீன் மேன்டன், 1950இல் வெளியிட்ட நூலில் குதிரைவாலின் ஸ்போரில் 108 குரோமோசோம்கள் இருப்பதைக் காட்டினார். மனிதரின் இனச்செல்லில் இருப்பது 23. ஆராய்ந்த குதிரைவால் சிற்றினங்கள் எல்லாவற்றிலும் அதே 108 திரும்பத் திரும்ப வருகிறது. அளவில் கையகலச் செடியானாலும், ஆளுயரம் தாண்டும் செடியானாலும் எண்ணிக்கை மாறவில்லை.

நான்கும் பிரிந்தபின் ஒவ்வொரு ஸ்போரும் உருண்டையாகிறது. உள்ளே பச்சையம் நிறைகிறது. பெரும்பாலான பெரணி ஸ்போர்களில் இது இல்லை. வெளியே சுவர் அடுக்கடுக்காக ஏறுகிறது. கடைசி அடுக்கைக் கட்டுவது ஸ்போர் அல்ல. சுற்றியுள்ள டபீட்டக் கூழ்தான் அதைப் படியவைக்கிறது. அந்த அடுக்கு சுருள் வாக்கில் பிளந்து, ஒரே புள்ளியில் ஒட்டிக்கொண்டிருக்கும் நான்கு பட்டைகளாகிறது. பட்டைகளின் முனை கரண்டிபோல் அகன்றிருக்கும். இவற்றுக்கு எலேட்டர்கள் என்று பெயர். ஈரல் பாசிகளிலும் எலேட்டர்கள் உண்டு, ஆனால் அங்கே அவை ஸ்போர்களுக்கு நடுவே கிடக்கும் தனி செல்கள். இங்கே ஸ்போர்ச் சுவரின் பகுதி. ஒரே பெயர் இருப்பதால் தேர்வுத்தாளில் இரண்டையும் குழப்பாத மாணவர் குறைவு.

எலேட்டர் பட்டை இரு படலங்களால் ஆனது. உட்படலத்தில் செல்லுலோஸ் இழைகள் பட்டையின் நீளவாக்கில் ஓடுவதால் அது நீளத்தில் அதிகம் மாறாது. வெளிப்படலம் நீரை உறிஞ்சினால் உப்பும், உலர்ந்தால் சுருங்கும். வெளிப்பக்கம் சுருங்கி உட்பக்கம் சுருங்காமல் இருந்தால், சுருண்ட பட்டை விரியத்தானே வேண்டும். அவ்வளவுதான் இயந்திரம். உயிருள்ள செல்லின் உதவி எதுவும் தேவையில்லை. ஸ்போர் செத்துப்போன பிறகும் பட்டைகள் இப்படியே வேலை செய்யும். உலர்ந்த கண்ணாடிச் சில்லில் ஸ்போர்த் தூளைத் தூவி, நுண்ணோக்கியில் பார்த்துக்கொண்டே மெல்ல மூச்சை ஊதினால், நொடியில் எல்லாப் பட்டைகளும் சுருண்டுகொள்ளும். மூச்சின் ஈரம் அகன்றதும் துள்ளலோடு விரியும். தாவரவியல் ஆய்வுக்கூடத்தில் இதைவிடச் சுவையான செயல்முறை வேறு ஒன்று இருக்குமா என்பது ஐயமே.

பட்டைகள் விரிவதும் சுருள்வதும் நெடுநாளாகத் தெரிந்த செய்தி. அதனால் ஸ்போருக்கு என்ன லாபம் என்பதை அளந்து காட்டியது 2013இல் வெளிவந்த ஆய்வு. பிரான்ஸின் கிரெனோபிள் நகரைச் சேர்ந்த இயற்பியலாளர் ஃபிலிப் மார்மொத்தானும் உடன் ஆய்வாளர்களும் வேகக் கேமராவில் ஸ்போர்களைப் படம் பிடித்தார்கள். ஈரமும் உலர்வும் மாறிமாறி வரும்போது, நான்கு பட்டைகளும் ஒரே சீராக மடங்குவதில்லை. ஒன்று முந்துகிறது, ஒன்று தரையில் மாட்டுகிறது. அதனால் ஒவ்வொரு சுற்றிலும் ஸ்போர் கொஞ்சம் இடம் பெயர்கிறது. திசை மட்டும் கணிக்க முடியாதது. இதை அவர்கள் நடை என்றார்கள். உலரும்போது சிக்கிக்கொண்ட பட்டை திடீரென விடுபட்டால், அதில் தேங்கியிருந்த மீள்விசை ஒரே வீச்சில் வெளிப்பட்டு ஸ்போரை மேலே எறிகிறது. இது குதி. ஸ்போரின் விட்டம் ஒரு மில்லிமீட்டரில் இருபதில் ஒரு பங்குதான். குதிக்கும் உயரமோ அதைப்போல் நூறு மடங்குக்கும் மேல். தரையை ஒட்டிக் காற்று அசையாமல் கிடக்கும். அந்தப் படலத்தைத் தாண்டி மேலே எழுந்துவிட்டால், மெல்லிய காற்றும் ஸ்போரைக் கொண்டுபோகப் போதும்.

கூம்பு திறப்பதும் இதே உலர்வில்தான். ஸ்போர்கள் முதிர்ந்ததும் கூம்பின் அச்சு நீள்கிறது. வட்டங்கள் ஒன்றையொன்று விட்டு விலகி, அறுகோணத் தலைகளுக்கு நடுவே இடைவெளி விழுகிறது. காற்று உள்ளே நுழைகிறது. ஸ்போரகத்தின் சுவரில் இப்போது எஞ்சியிருக்கும் வெளிச்செல்களில் சுருள் தடிப்புகள் உண்டு. உலரும்போது அவை சமமின்றிச் சுருங்க, பை தன் காம்பை நோக்கிய பக்கத்தில் நீளவாக்கில் பிளக்கிறது. உள்ளே எலேட்டர்கள் விரியும்போது ஸ்போர்க் கூட்டம் பஞ்சாக உப்பி, பிளவின் வழியே தானே வெளியே வழிகிறது. மழை நாளில் இவற்றில் எதுவும் நடக்காது. கூம்பு வெயிலுக்குக் காத்திருக்கும்.

கல்வராயன் மலை ஓடைகளின் ஈரப் பாறைகளில் வளரும் பெரணிகள் இதே காரியத்தை வேறு விதத்தில் செய்கின்றன. அங்கே ஸ்போரகம் மிகச் சிறியது, அதன் சுவர் ஒரே அடுக்கு, அதன் மேல் தடித்த செல்களால் ஆன ஒரு வளையம். உலரும்போது அந்த வளையம் பின்னோக்கி வளைந்து, ஓர் எல்லைக்கு மேல் தாங்காமல் முன்னோக்கி விசிறி ஸ்போர்களை எறிகிறது. எறியும் கருவி பையில் இருக்கிறது; எறியப்படும் ஸ்போர் வெறும் சுமை. குதிரைவாலில் பை வெறுமனே பிளந்து வழிவிடுகிறது, கருவியை ஒவ்வொரு ஸ்போரும் தன்னோடு எடுத்துச் செல்கிறது. இதில் பெரணிக்கு இல்லாத ஒரு வசதி கிடைக்கிறது: விழுந்த இடத்திலிருந்து மீண்டும் கிளம்ப முடியும். அதோடு, பட்டைகள் ஒன்றோடொன்று பின்னிக்கொள்வதால் ஸ்போர்கள் பல ஒரே திரளாக இறங்குகின்றன. அது ஏன் முக்கியம் என்பது முளைத்த பிறகு தெரியும்.

கூம்பு எந்தத் தண்டில் வருகிறது என்பதில் சிற்றினங்கள் வேறுபடுகின்றன. நீலகிரியில் வளரும் ராமோசிசிமத்தில் சாதாரணப் பச்சைத் தண்டே கூம்பையும் தாங்குகிறது. கூம்பின் நுனி கூராக முடியும். இமயமலையிலும் வட நாடுகளிலும் வளரும் ஈக்விசிட்டம் ஆர்வென்ஸ் வேறு வழி செல்கிறது. அதன் வளமான தண்டு பச்சையமே இல்லாமல் வெளிர் பழுப்பாக, கிளையின்றி, வசந்தத்தின் தொடக்கத்தில் தரையைக் கிழித்து எழும். முந்தைய ஆண்டே தரைக்கீழ்த் தண்டில் உருவாகிக் காத்திருந்த கூம்பு அது. ஸ்போரைக் கொட்டியதும் சில நாட்களில் வாடிவிடும். அதன் பிறகே பச்சைத் தண்டுகள் கிளைவிட்டு எழுந்து, அடுத்த ஆண்டுக் கூம்புக்கு உணவு சேர்க்கும். ஜப்பானியர்கள் அந்தப் பழுப்புத் தண்டைப் பறித்துச் சமைத்துச் சாப்பிடுவார்கள். மூன்றாவது வகை ஒன்றும் உண்டு: காட்டுக் குதிரைவால் போன்றவற்றில், வெளிர் தண்டு ஸ்போரைக் கொட்டியபின் வாடாமல் பச்சையாகிக் கிளைவிடும்.

பச்சையமுள்ள ஸ்போர் கையில் பணத்தோடு புறப்பட்ட பயணிதான், ஆனால் அந்தப் பணம் விரைவில் தீர்ந்துவிடும். உலர்ந்த பெரணி ஸ்போர் பல ஆண்டுகள் உயிரோடு கிடக்கும். குதிரைவால் ஸ்போருக்குச் சில நாட்கள், மிஞ்சினால் சில வாரங்கள். அதற்குள் ஈரத் தரையும் ஒளியும் கிடைத்தாக வேண்டும். கிடைத்தால் தாமதமே இல்லை: ஓரிரு நாளில் முளைத்துவிடும். எலேட்டர்களோடு சேர்த்து வெளிச்சுவர் உரிகிறது. முதல் பகுப்பே சமமற்றது. ஒளிபடாத பக்கத்தில் பிரியும் சிறு செல் நீண்டு மண்ணைப் பற்றும் வேரிழையாகிறது. ஒளிபடும் பக்கத்தின் பெரிய செல் பசும் உடலாக வளர்கிறது. விதையில் எது மேல், எது கீழ் என்பது தூவப்படும் முன்பே தீர்மானமாகிவிடும். குதிரைவால் ஸ்போரில் அதைத் தீர்மானிப்பது வெளிச்சம்.

இப்படி உருவாவது கேமீட்டகத் தாவரம். செடியின் வாழ்க்கைச் சுழற்சியில் ஸ்போர் தரும் தலைமுறையும் இனச்செல் தரும் தலைமுறையும் மாறிமாறி வருவதை, பாசி, பெரணி, குதிரைவால் ஆகியவற்றை ஒப்பிட்டு 1851இல் விளக்கியவர் ஜெர்மானியரான வில்ஹெல்ம் ஹோஃப்மைஸ்டர். குதிரைவாலின் இரண்டாம் தலைமுறை தரையில் ஒட்டிய சிறு பச்சை மெத்தை. அதன் மேல் நிமிர்ந்த மடல்கள் பல. குளிர் நாட்டுச் சிற்றினங்களில் சில மில்லிமீட்டர்தான் இருக்கும்; ஈரக்காலில் ஒட்டிவந்தால்கூடத் தெரியாது. நம் நாட்டுச் செடி இதில் விதிவிலக்கு. லாகூர் அரசுக் கல்லூரியில் பணியாற்றிய ஷிவ் ராம் காஷ்யப், ஈக்விசிட்டம் டெபிலியின் கேமீட்டகத் தாவரத்தை ஆராய்ந்து 1914இல் அனல்ஸ் ஆஃப் பாட்டனி இதழில் கட்டுரை வெளியிட்டார். அவர் விவரித்தவை 3 சென்டிமீட்டர் அகலம் வரை வளர்ந்தவை. இந்தப் பேரினத்தில் பெரிதும் பேசப்பட்ட அளவு அது. ஐரோப்பிய ஆய்வகங்களில் தட்டில் வளர்த்த சிறு உடல்களைக் கொண்டே எழுதப்பட்டிருந்த பாடத்துக்கு இந்தியாவிலிருந்து கிடைத்த திருத்தம் என்றே அதைச் சொல்லலாம். காஷ்யப்பின் மாணவர்களில் ஒருவர்தான் பின்னாளில் தொல்தாவரவியலில் புகழ்பெற்ற பீர்பால் சாஹ்னி.

வெள்ளம் வடிந்து புதிதாக வெளிப்பட்ட மணல் திட்டும், நீர்த்தேக்கத்தில் நீர்மட்டம் இறங்கும்போது தலைகாட்டும் வண்டலும்தான் இந்தப் பசும் மெத்தைக்கு ஏற்ற தரை. கோமுகி அணையின் ஓரத்தில் கோடையில் காணும் சேற்றுப் பரப்பைப்போல், வேறு செடிகள் இன்னும் பிடிக்காத ஈர நிலமாக இருக்க வேண்டும். பாசிகளும் மற்றச் செடிகளும் முந்திக்கொண்டால் கேமீட்டகத் தாவரம் பிழைப்பதில்லை.

ஸ்போர்கள் எல்லாம் ஒரே அளவு, ஒரே வடிவு. ஆனால் அவற்றிலிருந்து வரும் உடல்களில் சில ஆணாகவும் சில பெண்ணாகவும் தொடங்குகின்றன. மரபுவழியே ஆண் ஸ்போர், பெண் ஸ்போர் என்று இரண்டு உண்டா என்ற ஐயம் நெடுநாள் இருந்தது. 1970களில் ஜெஃப்ரி டக்கெட் செய்த வளர்ப்பு ஆய்வுகள், சூழலே இதை முடிவு செய்கிறது என்று காட்டின. நெருக்கமாக, ஊட்டமின்றி வளர்பவை பெரும்பாலும் ஆந்திரிடியம் தாங்கிய ஆண்களாகின்றன. இடமும் ஒளியும் கிடைத்தவை ஆர்க்கிகோனியம் தாங்கிய பெண்களாகின்றன. கருவுறாமல் போன பெண் உடல் நாளடைவில் ஆந்திரிடியங்களையும் உண்டாக்கி இருபாலாகிவிடும். முதலில் பிறரோடு சேர முயற்சி, அது கைகூடாவிட்டால் தன்னோடு. ஸ்போர்கள் எலேட்டரால் பின்னித் திரளாக இறங்குவதன் பயன் இங்கேதான் தெரிகிறது. ஒரே இடத்தில் ஆணும் பெண்ணும் முளைத்தால்தான் முதல் முயற்சி கைகூடும். ஆண் செல்லால் சில மில்லிமீட்டருக்கு மேல் நீந்த முடியாது.

அந்த ஆண் செல் சுருள் வடிவானது, பல பத்துக் கசையிழைகள் கொண்டது, பெரணித் தாவர உலகில் பெரியவற்றுள் ஒன்று. ஆந்திரிடியம் வெடித்து அது வெளிவர நீர் வேண்டும். மெத்தையின் மடல்களுக்கு நடுவே அமைந்த ஆர்க்கிகோனியத்தின் கழுத்து திறந்து அதை ஏற்கவும் நீர் வேண்டும். பனியோ மழையோ விட்டுச்சென்ற மெல்லிய நீர்ப்படலம் போதும். ஸ்போர் பரவ உலர்வு தேவைப்பட்ட அதே செடிக்கு, கருவுற ஈரம் தேவைப்படுகிறது. இரண்டும் அடுத்தடுத்துக் கிடைக்கும் ஓடைக்கரைகளைக் குதிரைவால் விட்டு விலகாததற்கு இதுவும் காரணம்.

கருவுற்ற செல் குறுக்காகப் பிரிகிறது. கழுத்தை நோக்கிய மேல்பாதியிலிருந்து தண்டும் முதல் இலை வட்டமும் எழுகின்றன. ஒரே மெத்தையிலிருந்து பல இளஞ்செடிகள் கிளம்புவதும் உண்டு. முதல் தண்டு மெலிந்தது, அதிகம் வாழாது. அதன் அடியிலிருந்து கிளம்பும் அடுத்தடுத்த தண்டுகள் ஒன்றைவிட ஒன்று தடித்து, அவற்றில் ஒன்று மண்ணுக்குள் இறங்கித் தரைக்கீழ்த் தண்டாகிறது.

அது நிலைபெற்றுவிட்டால் செடிக்கு ஸ்போர் அன்றாடத் தேவை இல்லை. தரைக்கீழ்த் தண்டு ஆழத்தில் கிளைவிட்டு, சில சிற்றினங்களில் கிழங்கு முடிச்சுகளையும் கட்டி, பல மீட்டர் பரப்பை ஒரே செடியாகவே பிடித்துக்கொள்ளும். உழுதாலும் வெட்டினாலும் ஒவ்வொரு துண்டும் தனிச் செடியாகும். குளிர் நாட்டு விவசாயிகள் ஆர்வென்ஸைக் கண்டு அஞ்சுவது அதன் கூம்பால் அல்ல, இந்தத் தண்டால். வெள்ளத்தில் அடித்துச் செல்லப்படும் தண்டுத் துண்டு கீழே எங்காவது ஒதுங்கி வேர்விடும். ஸ்போருக்குரிய வேலை, ஓடை கொண்டுசெல்லாத இடத்துக்கும், வேறொரு பள்ளத்தாக்குக்கும் செடியைக் கொண்டுசேர்ப்பது.

ஸ்போர் இல்லாமலே ஒரு செடி எவ்வளவு தூரம் பரவ முடியும் என்பதைக் கலப்பினங்கள் காட்டுகின்றன. வட அமெரிக்காவில் ஹையமாலி, லீவிகேட்டம் என்ற இரு சிற்றினங்கள் கலந்து உண்டான ஃபெர்ரிசியை என்ற கலப்பினம், பெற்றோரில் ஒன்று இல்லாத இடங்களிலும் ஆற்றோரமாகப் பரந்து கிடக்கிறது. அதன் கூம்பு வெளித்தோற்றத்தில் குறையில்லாதது, ஆனால் பெரும்பாலும் திறப்பதில்லை. இரு வேறு பெற்றோரின் குரோமோசோம்கள் குன்றல் பகுப்பில் சரியாக இணைசேராததால், ஸ்போர்கள் பச்சையமில்லாமல், வெளிறி, உருக்குலைந்து போகின்றன. களத்தில் சந்தேகமான செடியைச் சோதிக்கும் தாவரவியலாளர் இதையே பயன்படுத்துகிறார். முதிர்ந்த கூம்பைக் கீறி உருப்பெருக்கியில் பார்ப்பார். எலேட்டரோடு கூடிய உருண்டைப் பச்சைத் துகள்கள் இருந்தால் தூய சிற்றினம். வெண்மையாகச் சுருங்கிய, எலேட்டர் இல்லாத துகள்கள் இருந்தால் கலப்பினம்.